பாதையில் நாலடி

பிள்ளைகளா, நம்ம புஞ்சைக்குப் போகும் வண்டிப்பாதையைக் கோர்ட்டுதான் காப்பாத்திக் கொடுத்ததுன்னு ஊரில் சொல்லக் கேட்டிருப்பீங்க. அது சரிதான். ஆனா அந்தக் கேஸில் நான் செஞ்ச ஒரு காரியம் உங்க அம்மாவுக்குக்கூட முழுசாத் தெரியாது. அப்போ நீங்க ரொம்பச் சின்னப்பிள்ளைங்க.

நம்ம புஞ்சைக்கும் ரோட்டுக்கும் நடுவில் ஆட்டுக்கார மாமாவோட புஞ்சை. சொந்தம் இல்லை, ஊர் முறைக்கு மாமா. ஆடு மேய்ச்சுச் சம்பாதிச்சு அந்தக் கரிசலை வாங்கினவர். அவர் நிலத்து ஓரமா எட்டடியில் எங்க ஐயா காலத்திலிருந்து நம்ம வண்டி போய்வந்தது. கரிசலில் பாதை நிலையா நிக்காது. மழை பெஞ்சாக் குழைஞ்சுரும், உழுதா இருந்த இடமே தெரியாது. ஒரு கோடையில் மாமா வந்து, "இந்த வருசம் ஓரம் வரைக்கும் உழப்போறேன் மாப்ள. நீ கம்மாக்கரையைச் சுத்திப் போய்க்கோ"ன்னுட்டார். உளுந்து எடுக்கிற மார்கழியில் கம்மாக்கரைப் பாதை ஒரே சேறு, வண்டி அச்சு வரை இறங்கும். விளைஞ்சதை வெளியே கொண்டுவர வேற வழி இல்லை.

கோவில்பட்டியில் ஒரு வக்கீலைப் பார்த்தேன். "கேஸ் முடிய வருசக்கணக்காகும். அதுக்குள்ள அவர் உழுதுட்டா எதைக் காட்டுவீரு? அதுவரைக்கும் பாதையைத் தொடக்கூடாதுன்னு இடைக்காலத் தடை கேட்போம். கோர்ட்டிலிருந்து ஒரு வக்கீலைக் கமிஷனரா அனுப்புவாங்க. அவர் வரும்போது தடம் தெரியணும்"னார்.

பஸ்ஸில் வரும்போது அதே நினைப்பு. கூடவே ஒரு ஆசையும் வந்தது. பின்னாடி டிராக்டர் கொண்டுவந்தா எட்டடி போதாதே. மாமா வீட்டில் எல்லாரும் எட்டயபுரத்துக்குக் கல்யாணத்துக்குப் போன அன்னைக்கு, பட்டப்பகலில், வண்டியில் கல்லை ஏத்தி ஏழெட்டு நடை ஓட்டினேன். பாதி நடை பழைய தடத்தில். மீதி நாலடி தள்ளி, அவர் மண்ணில்.

கமிஷனர் டேப் பிடிச்சு அளந்து பன்னிரண்டடின்னு எழுதினார். மாமா குனிஞ்சு தடத்தைப் பார்த்தார். "ஏன் மாப்ள, ஒன் வண்டி மாசமா இருக்கோ? இடுப்பு இப்படிப் பெருத்துருக்கு?"

கூட வந்தவங்க சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். எட்டடிதான்னு அப்பவே சொல்லியிருக்கலாம்.

தடை கிடைச்சது. பன்னிரண்டடிக்குள் மாமா உழவோ விதைக்கவோ கூடாது. புரட்டாசி மழையில் அவர் அந்தக் கோட்டுக்கு வந்ததும் ஏரைத் தூக்கித் திருப்பிக்கிட்டார். நாலடியில் அருகம்புல் பிடிச்சு அவரோட உளுந்துக்குள் ஓடுச்சு. அவர் பெஞ்சாதி களை எடுத்துக்கிட்டே வந்து கோட்டில் நின்னுருவாங்க. "அத்தை, அந்தப் புல்லையும் பறிச்சா என்ன?"ன்னு ஒருநாள் கேட்டேன்.

"ஐயோ, கோர்ட்டுப் புல்லுல்லா! நீயே பொங்கித் தின்னு சாமி."

ரெண்டு வெள்ளாமை அப்படியே போச்சு. மூணாம் வருசம் வாய்தாவுக்குப் போனப்ப வக்கீலிடம் உள்ளதைச் சொன்னேன். அவர் பேனாவைக் கீழே வச்சார். "கிடைச்சதைத் திருப்பிக் கொடுக்கேன்னு வந்து நிக்கீரே!"

"எட்டடி நெசம் சார். அது போதும்."

திட்டிக்கிட்டேதான் மனு எழுதினார். கையெழுத்துப் போட்டேன். தடை எட்டடிக்குச் சுருங்குச்சு. பின்னாடி தீர்ப்பும் அந்த எட்டடிக்கே வந்தது.

தடை சுருங்கின அன்னைக்குச் சாயங்காலமே மாமா வீட்டுக்குப் போய், கல்லேத்தி ஓட்டினதைச் சொல்லி, இனி நாலடியையும் உழுதுக்கோங்கன்னேன்.

"நீ ஓட்டுனது எனக்கு அன்னைக்கே தெரியும் மாப்ள. கோர்ட்டுக்கு அது தெரிய மூணு வருசம் ஆச்சு. நாளைக்கு இன்னொரு தாள் வராதுன்னு என்ன நிச்சயம்? நான் தொட மாட்டேன்"னார். அத்தை உள்ளேயிருந்து வரவே இல்லை.

விதைப்புக்கு நாலு நாள் முன்னால, வெயில் ஏறுமுன் மண்வெட்டியோட தனியாப் போனேன். அருகு ஆழமா இறங்கியிருந்தது. வேர் அறாமத் தோண்டி, மண்ணை அங்கேயே உதறிட்டு, புல்லை அள்ளி என் வரப்பில் போட்டேன். நாலடியும் சுத்தமாக மூணு காலை ஆச்சு.