ராணி வந்த பிறகு

போன ஞாயிற்றுக்கிழமை கம்பத்தில் என் மானம் போனது. அதை உங்களிடம் சொல்லாமல் வேறு யாரிடம் போய்ச் சொல்வேன்?

கம்பத்தில் முத்தையா அண்ணன் என்று ஒரு திராட்சை வியாபாரி. ஞாயிறு மதியமானால் தேனியில் பஸ் ஏறிப் போய் அவர் கடையில் செஸ் ஆடுவது என் பல வருட வழக்கம். தோற்றுவிட்டுத் திரும்புவதும்தான். ஒரு தடவை... ஒரே ஒரு தடவைகூட நான் ஜெயித்ததில்லை. கடையை மூடிவிட்டு ஓசூரில் மகள் வீட்டோடு போய் இருந்துவிடப் போகிறேன் என்று அவர் சொன்னபோது, எனக்கு முதலில் வந்தது வருத்தமில்லை, பதற்றம். என்னைத் தோற்றவனாகவே விட்டுவிட்டுப் போய்விடுவாரே மனுஷன்!

செல்போனில் ஒரு செஸ் ஆப் இறக்கினேன். எண்ட்கேம் புதிர்கள். ராஜாவும் ஒன்றிரண்டு சிப்பாய்களும் மட்டும் மிஞ்சியிருக்கும் கடைசி நேரத்து ஆட்டம். சிப்பாயை எதிர்முனைக்குக் கொண்டுபோய் ராணியாக்க வேண்டும். சாப்பிடும்போது புதிர், பேங்க் க்யூவில் புதிர். ஒரு நாள் அடுப்பில் பால் பொங்கி வழிகிறது, நான் பக்கத்திலேயே நின்று சிப்பாய் நகர்த்திக்கொண்டிருக்கிறேன். மனைவி வந்தாள். அடுப்பை அணைத்துவிட்டுப் போனாள்.

கடைசி ஞாயிறும் வந்தது. கடையில் சரக்கு இல்லை. காலிப் பெட்டிகள் மட்டும். வாசலில் மருமகனின் வேன். அண்ணனுக்கு ஆட்டத்தில் கவனமே இல்லை. ஆட்டம் நகர நகர எனக்கே நம்ப முடியவில்லை — அவர் பக்கம் ராஜா மட்டும், என் பக்கம் ராஜாவும் ஒரு சிப்பாயும். அச்சு அசலாக நான் போட்டுப் பழகிய புதிர்!

அண்ணன் வாசலைப் பார்த்தார்.

"சார், மருமகன் ரொம்ப நேரமா நிக்கிறாக. சமம்னு வச்சுக்கிருவோமா?"

முடியவே முடியாது என்றேன். இப்போது விட்டால் அப்புறம் எப்போது? அவரும் சிரித்துக்கொண்டே ஆடினார். சிப்பாய் கடைசிக் கட்டத்தைத் தொட்டது. ராணியை எடுத்து வைத்தேன்.

அதன் பிறகு?

அதன் பிறகுதான் தெரியவில்லை! ஆப்பில் ராணி வந்ததும் பச்சை டிக் விழும். நம்மைப் பாராட்டிவிட்டு அடுத்த புதிருக்குப் போய்விடும். ராணியை வைத்துக்கொண்டு ராஜாவை மடக்குவதை நான் பழகவே இல்லை. துரத்தினேன்... துரத்தினேன்... மூலையில் ஒதுக்கி, ராணியைக் கிட்டே கொண்டுபோய் நிறுத்தினேன். ராஜாவுக்குச் செக் இல்லை. நகரவும் ஒரு கட்டம் இல்லை. ஸ்டேல்மேட். அதாவது, சமம்.

நாம் எல்லோருமே இப்படித்தானோ? மகனுக்கு சீட் கிடைக்கும்வரை ஒரு ஓட்டம், மகளுக்குத் தாலி ஏறும்வரை ஒரு ஓட்டம், ரிட்டயர் ஆகும்வரை ஒரு ஓட்டம்... பச்சை டிக் விழுந்த மறுநாளுக்கு யாராவது பயிற்சி எடுத்திருக்கிறோமா? இந்த வயதில் இனி எடுத்து உருப்படுவேன் என்ற நம்பிக்கையும் எனக்கு இல்லை.

பலகையையே முறைத்துக்கொண்டிருந்தேன். அண்ணன் காய்களைப் பெட்டியில் அள்ளிப் போட்டார்.

"விடுங்க சார். ஜெயிச்சிருந்தீகன்னா என்னைய இன்னைக்கே மறந்திருப்பீக."

சொல்லிவிட்டு வேனில் ஏறினார். கை காட்டினாரா என்றுகூட நான் பார்க்கவில்லை. ராஜா நகர நான் விடாமல் போன அந்த ஒரு கட்டத்தைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

நாளை ஞாயிறு. கம்பத்துக்குப் பஸ் இருக்கிறது... நான் தோற்பதற்குத்தான் அங்கே ஆள் இல்லை.