சாம்பியன் வழுக்கி விழுந்த இடம்

மாப் அக்காவின் முதுகை நாற்பது நாடுகளில் பார்த்திருக்கிறார்கள். முகத்தைத்தான் யாரும் பார்த்ததில்லை.

இறகுப்பந்து ஆட்டத்தில் வீரர்களின் வேர்வை தரையில் சொட்டினால் ஓடிப்போய்க் குனிந்து துடைத்துவிட்டு, அடுத்த சர்வீஸுக்குள் நாற்காலிக்குத் திரும்பிவிட வேண்டும். அதுதான் அவளுடைய வேலை. தொலைக்காட்சியில் அது நாலு விநாடி வரும். அந்த நாலு விநாடிக்காக அவளுடைய நாத்தனார் அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்திருப்பாள்.

"அண்ணி, இன்னிக்கு உங்க முதுகு ஏழு தடவை வந்துச்சு. ஒரு தடவையாவது நிமிர்ந்து பார்த்தா என்னவாம்?"

"நிமிர்ந்தா தரை தெரியாதே."

"தரையை யாரு பார்க்குறா? எல்லாரும் அவரைத்தான் பார்க்குறாங்க. அவ்வளவு பக்கத்துல போறீங்களே, ஒரு கையெழுத்து வாங்கிட்டு வந்தா குறைஞ்சா போயிடுவீங்க?"

நாத்தனார் சொன்ன அந்த 'அவர்', உள்நாட்டுச் சாம்பியன். அரங்கத்தின் வெளிச்சுவரில் மூன்று மாடி உயரத்துக்கு அவன் முகம் தொங்கியது. கையில் அவனை வைத்து விளம்பரம் செய்யும் ஆரஞ்சு பானம். கீழே 'கடைசிச் சொட்டு வரை!' என்ற வாசகம். சர்வதேசப் போட்டிதான். பதினெட்டு நாட்டுக்காரர்கள் வந்திருந்தார்கள். ஆனால் சுவரில் இடம் கிடைத்தது ஒருவனுக்கு மட்டும். மற்ற பதினேழு நாட்டுக்காரர்களும் அவனிடம் தோற்பதற்காக விமானம் ஏறி வந்தவர்கள் என்பது போட்டிக்குழுச் செயலாளரின் எண்ணம்.

அக்காவுக்கு இந்த அரங்கத்தில் இது பதினோராவது வருடம். அதற்கு முன்னால் ஒரு மருத்துவமனையில் ஆபரேஷன் அறைத் தரையைத் துடைத்தாள். 'ஒரு துணி, ஒரு தடவை' என்பது அங்கே கற்ற பாடம். துடைத்த துணியால் மறுபடி துடைத்தால் அது துடைப்பது ஆகாது, பூசுவது ஆகும். எத்தனை முறை கூப்பிட்டாலும் அத்தனை வெள்ளைத் துணி. அரங்கத்துச் சலவைக்கு அவற்றைக் கொடுக்கவே மாட்டாள். அவர்கள் போடும் வாசனைத் திரவம் துணியில் வழுவழுப்பாகத் தங்கும், துணியிலிருந்து தரைக்கு வரும். அதனால் வீட்டுக்கு எடுத்துப்போய் வெந்நீரில் அலசி மாடியில் உலர்த்துவாள். பஸ் ஓட்டும் அவள் கணவன், கொடியைப் பார்க்கும்போதெல்லாம், "என் சட்டைக்கு எப்பம்மா இங்க சீட்டு கிடைக்கும்? நின்னுக்கிட்டே வர்றேன்னு சொல்லுது," என்பான்.

ஆடுகளத்தின் ஓரத்தில் அவள் நாற்காலிக்குக் கீழே இரண்டு வாளிகள். ஈரம் பட்ட துணி நீல வாளிக்கு. துடைத்தும் ஈரமே படாத துணி சிவப்பு வாளிக்கு. மற்றவர்கள் ஆடும்போது சிவப்பு வாளி காலியாகவே கிடக்கும். சாம்பியன் ஆடினால் அது பொங்கி வழியும்.

காரணம் எளிது. சாம்பியனுக்கு முப்பத்து மூன்று வயது ஆகிவிட்டது. மூச்சு வாங்கியது. மூச்சு வாங்குகிறது என்று சாம்பியன் சொல்ல முடியுமா? அதனால் தரையில் ஓரிடத்தை விரலால் காட்டுவான். அக்கா ஓடுவாள். அவள் குனிந்து உலர்ந்த தரையைத் துடைத்து முடிப்பதற்குள் அவன் இடுப்பில் கைவைத்துப் பத்து மூச்சு இழுத்துவிடுவான். ஒருமுறை கால்வலியோடு எழுந்தவள், "தம்பி, இங்க ஒண்ணுமே இல்லையே," என்று மெதுவாகச் சொன்னாள். அவன் புன்னகை மாறாமல், கேமராவைப் பார்த்தபடியே, "உன்னை யாரு கேட்டா? துடை," என்றான். ரசிகர்கள் கைதட்டினார்கள். அவன் அவளுக்கு நன்றி சொல்கிறான் என்று நினைத்திருப்பார்கள்.

அரையிறுதி சனிக்கிழமை பிற்பகல். எதிராளி வெளிநாட்டுப் பையன், இருபது வயது இருக்கும். ஒல்லியான ஆள். பச்சைத் தண்ணீரைத் தவிர வேறு எதையும் அவன் குடித்து அக்கா பார்த்ததில்லை. அவனை யாரும் எதிர்பார்க்கவில்லை, அவனுக்கும் அது தெரியவில்லை. அதனால் தன் பாட்டுக்கு ஆடிக்கொண்டே போனான். ஆளுக்கொரு செட். மூன்றாவது செட்டில் பையன் முன்னால் போனதும் சாம்பியனின் விரல் தரையை நோக்கி நீண்டது. நீண்டுகொண்டே இருந்தது. கடைசியில் உயரமான நாற்காலியில் இருந்த நடுவருக்கே அலுத்து, நேரத்தைக் கடத்துவதாக மஞ்சள் அட்டையைக் காட்டினார். இனி அவர் சொன்னால்தான் தரை துடைக்கப்படும் என்றும் சொல்லிவிட்டார்.

பதினாறுக்குப் பதினெட்டு. தண்ணீர் குடிக்க அனுமதி கேட்டான் சாம்பியன். கிடைத்தது. ஆரஞ்சு பானத்தை வாய் நிறைய உறிஞ்சிக்கொண்டு, கன்னம் உப்பலாக, களத்தின் பின்கோட்டுக்கு நடந்தான். நடுவருக்கு முதுகைக் காட்டிக் குனிந்து காலணிக் கயிற்றைத் தொட்டான். நிமிர்ந்தபோது கன்னம் வற்றியிருந்தது.

"சார், ஈரம்!" என்று விரலைக் காட்டினான்.

ஈரம்தான். நடுவர் தலையசைக்க, அக்கா ஓடினாள். துணியை வைத்ததும் ஒட்டியது. எடுத்துப் பார்த்தாள். ஆரஞ்சு. பதினோரு வருடத்தில் எத்தனையோ பேருடைய வேர்வையைத் துடைத்திருக்கிறாள், எந்த நாட்டுக்காரனுக்கும் அது இந்த நிறத்தில் வந்ததில்லை. அவள் நிமிர்ந்து பார்த்தாள். சாம்பியன் கூரையைப் பார்த்து மூச்சு இழுத்துக்கொண்டிருந்தான்.

அவளுக்குத் தெரியாதது ஒன்று உண்டு. அவன் எல்லாவற்றையும் ஒரே இடத்தில் துப்பிவிடவில்லை. அடுத்த மூச்சுக்கு ஆகட்டும் என்று வலது மூலையில் கொஞ்சம் சேமித்து வைத்திருந்தான்.

பதினெட்டுக்குப் பத்தொன்பது. பையன் ஒரு பந்தை உயரத் தூக்கி வலது மூலைக்கு அனுப்பினான். சாம்பியன் பின்னால் பாய்ந்தான். சேமிப்பின் மேல் கால் வைத்தான். அடுத்த கணம் அவன் உட்கார்ந்திருந்தான், பந்து அவனுக்குப் பக்கத்தில் மெல்ல வந்து இறங்கியது. பதினெட்டுக்கு இருபது.

பிறகு நடந்ததை நாற்பது நாடுகளும் பார்த்தன. மட்டை தரையில் அடிபட்டு இரண்டானது. ஒரு துண்டு பறந்துபோய்க் களத்தோரம் வைத்திருந்த 'கடைசிச் சொட்டு வரை!' விளம்பரப் பலகையைப் பொத்தலாக்கியது. இன்னொரு துணியோடு ஓடிவந்து குனிந்த அக்காவின் தலைக்கு மேல் நின்று அவன் கத்தினான்: "குருடா நீ? துடைக்கக்கூடத் தெரியாதா? உன்னால எனக்குக் கால் போச்சு!" அந்தக் காலாலேயே தண்ணீர்ப் பெட்டியை எட்டி உதைத்தான். நடுவர் சிவப்பு அட்டையை எடுத்தார். சிவப்பு அட்டை என்றால் எதிராளிக்கு ஒரு புள்ளி. இருபத்தொன்று. ஆட்டம் முடிந்தது. ஜெயித்தது எப்படி என்று புரியாமல் பையன் அக்காவைப் பார்த்துத் தலைகுனிந்து வணங்கிவிட்டுப் போனான்.

அரை மணி நேரத்தில் செயலாளர் துணி அறைக்கே வந்துவிட்டார். இந்த அறைக்கு அவர் வருவது இதுவே முதல் தடவை. உட்கார இடம் தேடி, கடைசியில் கவிழ்த்து வைத்த வாளி மேல் உட்கார்ந்தார். கையில் தட்டச்சு செய்த தாள்.

"அக்கா, ஒரு சின்ன உதவி. ஒரு கையெழுத்துதான்."

அவள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொரு வரியாகப் படித்தாள். 'என் கவனக்குறைவால் ஆடுகளத்தின் வலது மூலையைத் துடைக்காமல் விட்டேன். அதனால் வீரர் வழுக்கி விழ நேர்ந்தது.'

"நான் துடைக்காம விட்டேனா சார்?"

"அப்படி எழுதினா என்ன குறைஞ்சிடப்போகுது? களம் சரியில்லைன்னு புகார் குடுத்திருக்கோம். நீங்க ஒத்துக்கிட்டா அந்தப் பாயிண்டிலிருந்து மறுபடி ஆடலாம்னு கேட்போம். நாளைக்கு ஃபைனல் அக்கா. சுவர்ல யாரு முகம் தொங்குது? அந்தப் பையன் முகமா?"

"அப்ப என் வேலை?"

செயலாளர் தன் நகங்களைப் பார்த்தார். "தப்புன்னு எழுதின பிறகு உங்களை எப்படிக் களத்துல விடுறது? கொஞ்ச நாள் வீட்ல இருங்க. கையெழுத்துப் போடலேன்னாலும்... ஒப்பந்தம் இந்த மாசத்தோட முடியுது பாருங்க. யோசிச்சுக்குங்க."

போட்டால் வேலையும் போகும், பேரும் போகும். போடாவிட்டால் வேலை மட்டும் போகும். செயலாளர் தாராள மனசுக்காரர், இரண்டில் எது வேண்டுமோ எடுத்துக்கொள்ளச் சொன்னார்.

அக்காவின் போன் அடித்தது. நாத்தனார். அழுதுகொண்டே பேசினாள்.

"அண்ணி, கீழ்வீட்டுக்காரி வந்து கேட்டுட்டுப் போறா, உங்க அண்ணியாலதான் தோத்தாராமேன்னு. டிவியில அதையே திருப்பித் திருப்பிப் போடுறான்! உங்க மூஞ்சி முதல் தடவையா வந்துச்சு. இப்படியா வரணும்?"

பின்னாலிருந்து அக்காவின் கணவனின் குரல் கேட்டது: "ஆடத் தெரியாதவன் கூடம் கோணல்னு சொன்னானாம். இவனுக்கு ஆடத் தெரிஞ்சும் அதையேதான் சொல்றான். அவங்க எதை நீட்டினாலும் நீ கையெழுத்துப் போடாம வா!"

அக்கா போனை வைத்தாள். தாளை மடித்தாள். நீல வாளியைத் தூக்கினாள்.

"எங்க போறீங்க?"

"புகாரை யாருகிட்ட குடுத்தீங்க? அவங்ககிட்ட."

தலைமை நடுவர் அறுபது வயதை நெருங்கும் பெண்மணி. அதிகம் பேசமாட்டார். அவர் அறையில் சாம்பியன் முட்டியில் பனிக்கட்டிப் பையோடு சாய்ந்திருந்தான். எந்த முட்டி என்பதில் அவனுக்கே சந்தேகம் இருந்தது. அக்கா வந்த பிறகு பையை ஒருமுறை இடம் மாற்றினான். பக்கத்தில் அவன் பயிற்சியாளர். பின்னாலேயே மூச்சிரைக்கச் செயலாளரும் வந்து சேர்ந்தார்.

அக்கா வாளியிலிருந்து இரண்டு துணிகளை எடுத்து மேசைமேல் விரித்தாள்.

"மேடம், இது முதல்ல துடைச்சது. இது அவரு விழுந்த இடத்துல துடைச்சது. நான் ஒரு துணியில ஒரு தடவைதான் துடைப்பேன்."

தலைமை நடுவர் குனிந்து பார்த்தார். விரலால் தொட்டார். விரல் ஒட்டிக்கொண்டு வந்தது.

"வேர்வை இல்லையே இது?"

"கேமராவுல பார்த்துடலாமே," என்று சொல்லிவிட்டுச் செயலாளர் நாக்கைக் கடித்தார். பிறகு நிம்மதியடைந்தார். பன்னிரண்டு கேமராவும் சாம்பியன் முகத்தைத்தான் பிடித்திருந்தன, அவன் குனிந்தபோது அதுவும் மறைந்துவிட்டது. தரையைப் பிடிக்க யாருக்கும் தோன்றவில்லை.

பயிற்சியாளர் முந்திக்கொண்டார். "மேடம், அவன் நாள் முழுக்க அதைத்தான் குடிக்கிறான். உடம்பே அதாலதான் ஓடுது. வேர்வையும் அப்படித்தான் வரும்!"

சாம்பியனே பயிற்சியாளரைத் திரும்பிப் பார்த்தான்.

அக்கா இடுப்பில் செருகியிருந்த புதுத் துணி ஒன்றை எடுத்தாள். "தம்பி, கொஞ்சம் நெத்தியைத் துடைங்க. பார்த்துடலாம்."

"நானா? நான் ஏன்..."

"துடைங்க," என்றார் தலைமை நடுவர்.

துடைத்தான். துணியில் ஆரஞ்சு வரவில்லை. தொலைக்காட்சிக்காகப் பூசியிருந்த பவுடர் மட்டும் ஒரு நெற்றியளவுக்கு அழகாக வந்தது.

இதற்குள் ஜன்னல் ஓரமாக ஒரு எறும்பு வரிசை மேசைக்கு ஏறிவிட்டது. பவுடர் துணியை அது சுற்றிக்கொண்டு போனது. நேராக மற்ற இரண்டு துணிகளின் மேல் ஏறியது. "எறும்பு எதுல வேணாலும் ஏறும்," என்றார் செயலாளர் பலவீனமாக.

"ஏறாது சார். பதினோரு வருஷமா வேர்வைத் துணி வெச்சிருக்கேன். என் வாளிக்கு ஒரு எறும்பு வந்ததில்லை," என்றாள் அக்கா. "அதுங்களுக்கு யாரு சாம்பியன்னு தெரியாது. சர்க்கரை மட்டும்தான் தெரியும்."

தலைமை நடுவர் சாம்பியனிடம் ஒரே கேள்வி கேட்டார். "இந்தப் பானத்தைப் போட்டியில வேற யாராவது குடிக்கிறாங்களா?"

அவன் ஒப்பந்தத்திலேயே இருந்தது: வேறு எவரும் அதைத் தொடக்கூடாது. அவன்தான் அடம்பிடித்து அந்த வரியைப் போடவைத்திருந்தான். பனிக்கட்டிப் பையைக் கீழே வைத்தான்.

முடிவு அப்படியே நிற்கும், மேலிடத்துக்கு அறிக்கை போகும் என்றார் தலைமை நடுவர். செயலாளர் சுவரைப் பார்த்தார், அந்தச் சுவருக்கு வெளியேதான் மூன்று மாடி முகம் இருந்தது. எல்லாரும் எழுந்தார்கள். அக்கா மட்டும் நகரவில்லை.

"மேடம், எனக்கும் ஒரு கையெழுத்து வேணும்."

மடித்து வைத்திருந்த தாளைப் பிரித்து மேசைமேல் வைத்தாள். "இந்த மூலையைத் துடைக்காம விட்டேன்னு எழுதியிருக்கு. இதுக்குப் பின்னாடி, நடந்தது என்னன்னு அவரே எழுதித் தரட்டும். கத்தினதை ஊரே கேட்டுச்சு. இதை எங்க கீழ்வீட்டுக்காரியாவது படிக்கணும்."

தலைமை நடுவர் தன் பேனாவைச் சாம்பியனிடம் நீட்டினார். அறிக்கையில் இதையும் சேர்த்தால் தடைக்காலம் குறையலாம் என்று பயிற்சியாளர் காதில் கிசுகிசுத்ததும் அவன் எழுதினான். தலைமை நடுவர் நகல் எடுத்துக்கொண்டு மூலத்தை அக்காவிடம் கொடுத்தார். பிறகு செயலாளரைப் பார்த்து, "நாளைக்கு ஃபைனலுக்கு இவங்கதான் துடைப்பாங்க. அடுத்த மாசம் இங்க பெண்கள் போட்டிக்கும் நான்தான் வர்றேன். அப்பவும் இவங்கதான்," என்றார்.

"அதுல என்ன மேடம் சந்தேகம்!" என்றார் செயலாளர். முகம் மாறுவதற்கு அவருக்கு எந்தப் பவுடரும் தேவைப்படவில்லை.

சாயங்காலம் வீட்டுக்குள் நுழைந்ததும் அக்கா முதலில் வெந்நீர் வைத்தாள். அந்த இரண்டு துணிகளுக்கும் இன்றைக்கு இரண்டு அலசல் வேண்டும். நாத்தனார் வீங்கிய கண்ணோடு சமையலறை வாசலில் வந்து நின்றாள்.

"என்ன அண்ணி ஆச்சு? வேலை இருக்கா, போச்சா?"

அக்கா ஈரக்கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு தாளை எடுத்து நீட்டினாள். "இந்தா. நீ கேட்டியே."

நாத்தனார் வாய்விட்டுப் படித்தாள். "'தரையில் பானத்தைத் துப்பியது நானே. துடைத்தவர் மீது தவறில்லை.'" கீழே பெரிய வளைவும் சுழியுமாக அந்தப் புகழ்பெற்ற கையெழுத்து.

தாளை விளக்கு வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள்.

"தேதி போடலையே அண்ணி," என்றாள். பிறகு செருப்பை மாட்டிக்கொண்டு கீழ்வீட்டுக்கு இறங்கினாள்.