ஊமைக்காயம் என்று எழுதப்பட்ட என் இடுப்பு

சகோதரிகளே, உங்கள் மீது சாந்தி உண்டாகட்டும். இதைக் கசப்போடுதான் சொல்கிறேன். நன்றியும் நிறைய இருக்கிறது. ஆனால் கசப்பை மறைத்துவிட்டு நன்றியை மட்டும் சொன்னால் அது பொய்யாகிவிடும்.

போன வருடம் ரமலானுக்கு முந்தைய வாரம், கோவிலூர் சாலையில் மணலில் ஸ்கூட்டி சறுக்கி வலது பக்கமாக விழுந்தேன். காரைக்குடியில் ஒரு மருத்துவமனைக்குக் கொண்டு போனார்கள். எக்ஸ்ரேயில் எலும்பு நன்றாகத்தான் தெரிந்தது. ‘வலது இடுப்பில் ஊமைக்காயம்’ என்று எழுதி, வலி மாத்திரை கொடுத்து அனுப்பிவிட்டார்கள்.

அந்தச் சொல் எனக்குப் புதிதல்ல. நான் வீட்டிலிருந்தே மெடிக்கல் கோடிங் வேலை பார்ப்பவள். அமெரிக்க மருத்துவமனைகளின் குறிப்புகளைப் படித்து, நோய்க்கும் காயத்துக்கும் உரிய குறியீட்டைப் போட வேண்டும். இடுப்பில் ஊமைக்காயம் என்றால் எஸ் எழுபது. சின்னக் காயங்களோடு சேர்ந்தது. டாக்டர் எழுதாத எதையும் நாங்கள் சேர்க்கக் கூடாது. நோயாளி அழுதார் என்பதற்கெல்லாம் அங்கே இடமில்லை.

வலி நிற்கவில்லை. காலை ஊன்றும்போதெல்லாம் தொடை இடுக்கில் சுரீரென்று பிடித்துக் கண் இருட்டியது. மறுபடி அதே டாக்டரிடம் போனேன். பழைய எக்ஸ்ரேயையே தூக்கிப் பார்த்துவிட்டு, “ஒண்ணுமில்லம்மா, நடந்தாத்தான் சரியாகும்” என்றார். பல்லைக் கடித்துக்கொண்டு நடந்தேன்.

நோன்பு தொடங்கியது. கஞ்சி காய்ச்ச அடுப்படியில் நிற்க முடியாமல் உட்கார்ந்துவிட்டேன். என் மாமியார் பார்த்துவிட்டு, “ஊமைக்காயத்துக்கு இம்புட்டு ஆட்டமா? எலும்பு ஒடஞ்சவகூட எந்திரிச்சு வேலை பாக்குறா” என்றார்.

துபாயில் இருக்கும் என் கணவரிடம் போனில் சொன்னேன்.

“டாக்டரே சின்னக் காயம்னுட்டாக. நீயும் தெனம் இதத்தானே பாக்குற? ஒனக்குத் தெரியாதா?”

“தெரியும். ஆனா வலிக்குதுங்க.”

“எல்லாருக்குந்தான் வலிக்குது” என்று வைத்துவிட்டார்.

ஆபீஸிலும் அதே கதை. ஊமைக்காயத்துக்கெல்லாம் நீண்ட விடுப்பு கிடையாதாம்.

ஸஜ்தாவுக்கு நெற்றியைத் தரையில் வைக்க முடியவில்லை. நாற்காலியில் உட்கார்ந்தபடி தொழுதேன். ஒரு நாள் பிற்பகல், அஸர் தொழுகைக்குப் பிறகு துஆ கேட்கக் கையை ஏந்தினேன். அழுகைதான் வந்தது. யா அல்லாஹ், குணமாக்கு என்றுகூடக் கேட்கவில்லை. எனக்கு வலிக்கிறது என்பதை ஒரே ஒரு ஆளுக்காவது தெரிய வை, அது போதும் என்று கேட்டேன்.

அன்று நோன்பு திறக்க, தேவகோட்டையிலிருந்து என் கணவரின் அக்கா ஜமீலா வந்தார். ஒரு கல்யாணத்தில் வந்த மனஸ்தாபத்தால் நாங்கள் இருவரும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. நான் வலது காலை இரண்டு கைகளாலும் தூக்கி வைத்து நாற்காலியிலிருந்து எழுந்தேன். அவர் பேரீச்சம்பழத்தைக் கையில் வைத்துக்கொண்டு என்னையே பார்த்தார்.

“காலை ஏன் கையால தூக்குற?”

“அதுவாத் தூக்க வரல மதினி.”

மதினி உடனே தன் அம்மாவிடம் திரும்பினார். “காலையில இவளை மதுரைக்குக் கூட்டிட்டுப் போறேன்.”

“பெருநா கழியட்டும். அதுக்குள்ள என்ன அவசரம்?”

“பெருநா வரைக்கும் இவ காலு இருக்கணும்ல?”

காரின் பின் சீட்டில் என்னைப் படுக்கவைத்துக் கொண்டு போனார். மதுரையில் ஸ்கேன் எடுத்த டாக்டர் என்னை உட்காரக்கூட விடவில்லை. “தொடை எலும்போட கழுத்துப் பகுதியில விரிசல். எக்ஸ்ரேல சில நேரம் தெரியாது. நல்லவேளை, இன்னும் விலகல. விலகியிருந்தா மூட்டையே மாத்த வேண்டி வந்திருக்கும். உங்கள யாரும்மா நடக்கச் சொன்னது?”

நான் சிரித்துவிட்டேன். அல்ஹம்துலில்லாஹ் என்றேன். எலும்பு உடைந்ததற்கு இறைவனைப் புகழ்ந்தவளை அந்த டாக்டர் அதற்கு முன் பார்த்திருக்க மாட்டார். மதினி என் தலையைத் தன் மீது சாய்த்துக்கொண்டார்.

அன்றே ஆபரேஷன் செய்து எலும்பில் ஸ்குரூ வைத்தார்கள். சாயங்காலம் கணவர் போனில் விம்மி அழுதார். மாமியார் ஆட்டுக்கால் சூப் கொடுத்து அனுப்பினார். ஆபீஸில் உடனே விடுப்பு தந்தார்கள். அதே கால். அதே வலி. எஸ் எழுபது, எலும்பு முறிவுக்கான எஸ் எழுபத்திரண்டு ஆனதுதான் மாறியது. அந்த எண்ணுக்குத்தான் அவர்கள் இரங்கினார்கள். அந்த இரக்கத்தை என்னால் இன்னும் ஏற்றுக்கொள்ள முடியவில்லை.

இப்போது லேசாகச் சாய்ந்து நடக்கிறேன். வீட்டுக்கு வருகிறவர்களிடம் மாமியார், “நான் கேட்ட துஆதான் இவள நடக்க வச்சுச்சு” என்கிறார். நான் டீயைக் கொடுத்துவிட்டு உள்ளே போய்விடுவேன்.

வேலையில் ஒன்று மாறியிருக்கிறது. ஊமைக்காயம் என்று இருக்கும் குறிப்பில், காலை ஊன்ற முடியவில்லை என்றும் ஒரு வரி இருந்தால், வேறு ஏதும் உண்டா என்று அந்த டாக்டருக்குக் கேள்வி அனுப்புகிறேன். பெரும்பாலும் மாற்றமில்லை என்றே பதில் வருகிறது. எஸ் எழுபதைப் போட்டுவிட்டு, முகம் தெரியாத அந்த நோயாளிக்காக ஒரு துஆ செய்கிறேன்.

சகோதரிகளே, ஒருவரும் நம்பாதபோதும் அல்லாஹ்வுக்குத் தெரிந்திருந்தது. பேச்சுவார்த்தை இல்லாத ஒருத்தியை என் வீட்டு வாசலுக்கு அனுப்பி எனக்கு உதவினான். தயங்காமல் அவனிடம் கேளுங்கள். உங்கள் பக்கத்தில் ஒருத்தி வலிக்கிறது என்று சொன்னால், அதையும் கேளுங்கள்.