புதுநீர் வரும்வரை கூடிய மன்று

எங்கள் மணல் மன்று ஒரு பச்சிளங்குழந்தையைக் காவு கேட்டதென்று பாபநாசம் கடைத்தெருவில் இன்றும் பேசுகிறார்கள். அம்மன்றில் அமர்ந்த மூவருள் எஞ்சியிருப்பவன் நான் ஒருவனே. நடந்ததை நடந்தவாறு எழுதிவைக்காவிடின் அப்பேச்சே வரலாறாக நிலைத்துவிடும். ஆகவே எழுதுகிறேன்.

இருப்போர்க்கும் இறந்தோர்க்கும் இடையிலும், இவ்விரு சாரார்க்கும் ஜின் முதலிய புலப்படா இனத்தார்க்கும் இடையிலும் எழும் வழக்குகளை அம்மன்று தீர்த்துவைத்தது. குடமுருட்டி வறண்டபின் ஆற்றின் நடுமணலில் விரிப்பிட்டு அமர்வோம். ஊர் இருப்போர்க்கு உரியது. இடுகாடு இறந்தோர்க்கு உரியது. ஓடும் நீரும் அது சேரும் கடலும் புலப்படா இனத்தார்க்கு உரியவை. வறண்ட மணல் மட்டுமே எவர்க்கும் உரியதன்று. புதுநீர் வந்து விரிப்பை நனைத்தால் மன்று கலையும். தீராத வழக்கு மறுகோடைவரை காத்திருக்கும்.

தமிழாசிரியப் பணியிலிருந்து ஓய்வுபெற்றிருந்த நான் இருப்போர் சார்பில் அமர்ந்தேன். இறந்தோர் சார்பில் நன்னிலத்து மருளாடி அம்மையார் ஒருவர். இறந்தோர் அவர் வாயால் பேசுவர். புலப்படா இனத்தார் சார்பிலான மூன்றாம் இருக்கை இரும்புக்கடை நடத்திவந்த முதியவர்க்கு உரியது. ஊரார்க்கு அவர் பாய்.

ஆனி பிறந்த சமயம். நிறைசூலியான பெண்ணொருத்தி கணவனோடும் மாமியாரோடும் வந்தாள். முன்னர் இருமுறை அவளுக்குக் கரு தங்கவில்லை. கணவனின் சித்தி தூற்றிய மண்ணே காரணம் என்பது அவர்கள் முறையீடு. சித்தியின் வயலுக்குரிய மடையை இவர்கள் அடைத்துவிட்டனர். நட்ட பயிர் கருகிப்போயிற்று. அவள் இவர்கள் வாசலில் மண்ணை வாரித் தூற்றி, இவ்வீட்டிலும் எதுவும் விளையக்கூடாதென்று சொல்லிப் போனாள். பின்னர் இறந்தும் போனாள்.

தூற்றியவர் அதே மண்ணைத் தம் முந்தானையில் திரும்ப வாங்கிக்கொண்டால் சாபம் நீங்கும். இறந்திருப்பின் மருளாடியின் முந்தானை போதும். இதுவே முறை. இதனால்தான் எங்கள் பக்கத்தில் தூற்றிய மண்ணைத் துணியில் முடிந்து மாட்டுக்கொட்டகை மூலையில் வைத்திருப்பார்கள்.

மருளாடியின் குரல் மாறிற்று. “வந்துட்டேன். எம் மண்ணக் குடுங்க, போறேன்.”

மாமியார் தலை நிமிரவில்லை. “அன்னிக்கே கூட்டி அள்ளி ஆத்துல விட்டுட்டேங்க. ஓடுற தண்ணியோட பீடையும் போயிடும்னு நெனச்சேன்.”

“தண்ணிய அடைக்கத் தெரிஞ்ச வீட்டுல இதுக்கு மட்டும் தண்ணிய நம்புனீங்களாக்கும்,” என்றார் பாய்.

கணவன் கைகூப்பினான். “எங்க வயல் மண்ணு ஒரு கூடை கொண்டாரேன், சித்தி.”

“எம் பயிரு குடிக்க வேண்டிய தண்ணியக் குடிச்ச மண்ணு அது. அதத் தொடுவனா நான்?”

நான் குறுக்கிட்டேன். மடையை அடைத்தது வயிற்றிலுள்ள குழந்தை அன்றே என்று வாதிட்டேன்.

“எம் பயிரு யாரு மடைய அடைச்சுச்சு, ஐயா?”

கடலில் சேர்ந்த மண்ணைத் தம் சாராரிடம் கேட்டுப் பார்ப்பதாகவும் அதற்குக் காலம் ஆகுமென்றும் பாய் சொன்னார்.

“அதுவரைக்கும் இத வயித்துலயே வச்சிருக்க முடியாதே, பாய்,” என்றாள் அந்தப் பெண்.

அப்போது கணவனின் கைப்பேசி ஒலித்தது. ஆற்றின் மேற்பகுதி ஊரிலிருந்து உறவினர், தண்ணீர் அவர்களைக் கடந்துவிட்டதாம். சற்றைக்கெல்லாம் சருகும் நுரையும் தள்ளிக்கொண்டு ஒரு கருநிற ஈரம் மணலில் ஊர்ந்து வந்தது. டெல்டா முழுவதும் மலர்தூவி வரவேற்கும் நீர் அது. நாங்கள் விரிப்பைச் சுருட்டி எழுந்தோம். மாமியார் மட்டும் நீருக்குள் நின்று எதையோ துழாவிக்கொண்டிருந்தார்; மகன் கையைப் பற்றிக் கரையேற்றினான்.

குழந்தை ஆடியில் பிறந்தது. அழவில்லை.

மறுகோடையில் அவள் தனியே வந்தாள்.

“கேட்டுப் பாத்துட்டேம்மா. கரைஞ்சதப் பிரிச்சுக் குடுக்க முடியாதுன்னுட்டாங்க,” என்றார் பாய்.

“வேணாம், பாய்.” முந்தானை முடிச்சை அவிழ்த்தாள். “புள்ளயப் பொதச்ச எடத்து மண்ணு. இது போதுமான்னு அவங்களக் கேளுங்க.”

அம்மண்ணைக் கொண்டுவரும்படி நாங்கள் மூவரும் அவளைக் கேட்கவில்லை. அத்தகைய எண்ணம் எம்முள் எவர்க்கும் தோன்றியதுமில்லை. மருளாடி அம்மண்ணின்மேல் குனிந்தார். பிறகு வந்த குரல் தழைந்திருந்தது.

“இதயா கொண்டாந்த, பொண்ணே?”

முந்தானை விரிந்தது. அவள் மண்ணை இட்டு, உள்ளங்கையில் ஒட்டியிருந்ததையும் தட்டிவிட்டாள். வழக்கு தீர்ந்ததென்று நானே அறிவித்தேன். அவ்வீட்டில் அதன்பின் குழந்தை பிறக்கவில்லை. பிறக்கவேண்டுமென்று அவள் எங்களிடம் கேட்கவுமில்லை.

தூற்றிய மண்ணுக்கு ஈடாக வேறு மண்ணை ஏற்பதற்கு வேறெங்கேனும் முன்மரபு உண்டா, நாங்கள் ஏற்றது முறைதானா என்று எனக்கு இன்றளவும் தெளிவில்லை. காலமும் முதுமையும் என் நினைவில் புகுத்திய பிழைகளும் இதில் இருக்கக்கூடும். அறிந்தோர் திருத்தி எழுதுக; ஏற்றுக்கொள்வேன். அக்குழந்தையை நாங்கள் கேட்டோம் என்பதை மட்டும் எவரும் திருத்தமாகச் சேர்த்துவிட வேண்டா.