கூரைக்குக் கீழே பாடாத பாட்டும் எங்கள் வாப்பாவும்

வாப்பா மௌத்தாகி ஓராண்டு நிறைகிறது. அவர்களுக்காக துஆ செய்தபடி இம்மலரைப் புரட்டும் சொந்தபந்தங்களுக்கும் நண்பர்களுக்கும் மூத்த மகனின் ஸலாம்.

கீழக்கரையில் பிறந்த வாப்பா, மீசை அரும்பும் முன்பே பர் துபாய்க்கு வந்து, துணிக்கடைக் குடோனில் படுத்து எழுந்து, பிறகு சொந்தக் கடை கண்டவர்கள். டிவியில் பாட்டு வந்தால் உடனே அணைக்க ரிமோட்டைத் தேடுவார்கள். அவர்கள் ஒரு பாட்டுக்கு அடிமை என்றால் நம்புவீர்களா?

பக்கத்துக் கடைக்காரர் மா பாய். சீனாவின் கான்சூ மாகாணத்து ஹூய் இன முஸ்லிம். ஒரே பள்ளியில் தொழுத பழக்கம். அவர் மக்களின் நாட்டுப்பாட்டுக்கு 'ஹுவார்' என்று பெயர். பூ என்று பொருளாம். மலைச்சரிவில் கூட்டம் கூடி, ஒருவர் கேள்வியாகப் பாட, இன்னொருவர் பதிலாகப் பாடுவாராம். பெரும்பாலும் காதல்தான். அதனால் கூரைக்குக் கீழே பாடக் கூடாது. பெற்றவர், பிள்ளை முன்பும் கூடாது. அதனால் விடுமுறை நாளில் வாப்பாவும் மா பாயும் ஹத்தா மலைப்பக்கம் போய்விடுவார்கள்.

"ஒரு வார்த்தை புரியல மவனே. ஒரு மனுஷனுக்கு அல்லா இம்புட்டு தொண்டைய குடுத்திருக்கானேன்னு மலைச்சுப் போயி ஒக்காந்திருந்தேன்" என்பார்கள் வாப்பா.

நோய் முற்றி ஆஸ்பத்திரியில் படுத்தபோது அவர்கள் கேட்டது அந்தப் பாட்டு ஒன்றைத்தான். பார்க்க வந்த மா பாய் அண்ணாந்து பார்த்தார். வாப்பாவிடம் கற்ற அரைகுறைத் தமிழில், "கூரை இருக்கு பாய், மாஃபி" என்று, 'இல்லை' என்னும் வளைகுடா அரபுச் சொல்லோடு மறுத்தவருக்குக் கண் நிறைந்துவிட்டது. எனக்குக் கோபம் பொங்கியது. சாகக் கிடப்பவருக்குக்கூடவா சட்டம்?

"அவர வையாத. என்னைய வெளிய கொண்டு போ" என்றார்கள் வாப்பா.

டாக்டரைக் கெஞ்சி, சக்கர நாற்காலியில் பின்புற மணல்வெளிக்குத் தள்ளிச் சென்றேன். "நீ கார்ல போயி இரு. நீ நின்னா அவரு பாட மாட்டாரு" என்று என்னை விரட்டினார்கள். போய்க் கண்ணாடியை ஏற்றிக்கொண்டேன்.

மா பாய் காதில் கை வைத்தார். ஏசி இரைச்சலையும் மீறி வந்தது குரல். இறங்கிவிடும் என்று நினைத்த இடத்தில் இன்னும் ஏறியது. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. ஒரு மனிதத் தொண்டைதானா இது! வலியில் சுருண்டு கிடந்த வாப்பா நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார்கள். அந்த வெள்ளிக்கிழமையே மௌத்தானார்கள்.

இரவு பகல் பார்க்காமல் கவனித்த நர்சுகளுக்கும், ஜனாஸாவைச் சுமந்த அல் கூஸ் தொழிலாளர் கேம்ப் தம்பிகளுக்கும் எங்கள் குடும்பம் கடன்பட்டிருக்கிறது. மா பாய்க்கு எப்படி நன்றி சொல்ல? அடக்கம் முடிந்த மறுவாரம் அவரை அதே மணல்வெளிக்கு அழைத்தேன். "வாப்பாதான் இல்லையே, இனி எனக்குப் பாடலாமே" என்றேன்.

அவர் என் தோளைப் பிடித்துக்கொண்டார். "உன் வாப்பா என் பாய், என் அண்ணன். நீ என் புள்ள. புள்ள முன்னாடி மாஃபி."