என்னை மறைத்து நின்ற ராஜா

எங்கள் தெருக்கூத்து ஜமாவில் அவர்தான் ராஜா வேஷம், நான் மந்திரி. ஆள் குள்ளம்தான். ஆனால் கிரீடமும் புஜக்கட்டையும் ஏறிவிட்டால் மேடையில் வேறு யாரும் கண்ணில் படமாட்டார்கள். யூடியூப் சேனல்காரர்கள் எங்கள் கூத்தைப் படமெடுக்கத் தொடங்கியதும் அவர் முகம் ஊருக்கு ஊர் தெரிந்துவிட்டது. அரிதாரம் பூசும்போதே, "கேமரா எந்தப் பக்கம் கீது?" என்று விசாரித்துவிடுவார். நான் பாட்டெடுத்தால் எனக்கு முன்னால் வந்து கிறுகிறுவென்று சுழல்வார். வீடியோவில் என் குரல் கேட்கும், ஆள் தெரியாது.

காவாந்தண்டலத்தில் கூத்து முடிந்த காலையில், இரண்டு பெண்கள் என்னிடம் போனைக் கொடுத்து, அவரோடு தங்களைப் படமெடுக்கச் சொன்னார்கள். எடுத்துக் கொடுத்தேன். வயிறு எரிந்தது. அவர்கள் போனதும் கேட்டுவிட்டேன்.

"நான் பாடும்போது இன்னாத்துக்குண்ணா மறைச்சிக்கினு நிக்கிறே?"

அவர் தேங்காய் எண்ணெய் தடவி முகத்தைத் துடைத்தபடியே சொன்னார். "உன் தொண்ட எனக்கு இல்லடா. நான் நவுந்துட்டா, அப்புறம் என்னை எவன் பாப்பான்?"

அப்படியொரு பாராட்டை எனக்கு யாரும் சொன்னதில்லை. அடுத்த கூத்திலும் நான் பாட்டெடுத்ததும் அவர் முன்னால் வந்து நின்றார். கோபப்படுவதா சந்தோஷப்படுவதா என்று தெரியாமல், நான் இன்னும் உரக்கப் பாடினேன்.