பின்னோக்கி ஓடிய ஜோடி

ஆவடி குவார்ட்டர்ஸ் மைதானத்தில் மாதம் ஒரு சனிக்கிழமை சாயங்காலம் திரை கட்டுவார்கள். பெரிய படத்துக்கு முன்னால் சின்னதாக ஒரு ஊமைப்படம். காதலித்த பெண் ஜன்னல் வழியே ஏணியில் இறங்குவாள். தொப்பிக்காரப் பையனும் அவளும் பெட்டியோடு ஓட, அவள் அப்பா துரத்துவார். பேச்சில்லாத அந்தப் படத்துக்குப் பேச்சு, எங்கள் பக்கத்து வீட்டு அண்ணன்தான்.

"ஓட்றா மச்சான், மாமனாரு வந்துகினு கீறாரு!" என்று அவர் கத்தினால் மைதானமே உருளும். எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரிப்பவர் என் அப்பா. திருநெல்வேலிக்காரர். வீட்டில் சிரிப்புக்கு ரேஷன் வைத்தவர், அங்கே காதலர் கட்சி!

தலைவலியும் திருகுவலியும் தனக்கு வந்தால்தானே தெரியும். அம்பத்தூரில் லேத் ஓட்டிய வேற்றுச்சாதிப் பையனோடு என் அக்கா ஓடிப்போய்ப் பூந்தமல்லியில் குடித்தனம் வைத்தாள். "அவ பேச்சே இந்த வீட்டுல கூடாது" என்றார் அப்பா. அவள் மாசமாக இருக்கிறாள் என்று காதில் விழுந்தும், போய்ப் பார்க்க அம்மாவுக்கு அனுமதியில்லை. அடுப்படியில் ஒளிந்து அழுவாள். எனக்கு அப்பாமேல் அப்படியொரு ஆத்திரம்.

அந்தச் சமயம் பார்த்து மறுபடி அதே படத்தைப் போட்டுத் தொலைத்தார்கள். ஏணி வந்ததும் மைதானம் கப்சிப். பக்கத்து வீட்டு அண்ணன் வாயே திறக்கவில்லை. அப்பா அசையாமல் உட்கார்ந்திருந்தார்.

ஊமைப்படம் முடிந்தால் பிள்ளைகள் "ரிவர்ஸ்! ரிவர்ஸ்!" என்று கூப்பாடு போடுவதும், ஆபரேட்டர் படத்தைப் பின்னாலிருந்து ஓட்டிக் காட்டுவதும் எங்கள் குவார்ட்டர்ஸ் வழக்கம். விவரம் தெரியாத பொடிசுகள் அன்றும் கத்தின. ஜோடி பின்பக்கமாகவே ஓடி வந்தது. பெண் மளமளவென்று ஏணியில் ஏறி, ஜன்னலுக்குள் போய்விட்டாள்.

"வந்துட்டாளே" என்றார் அப்பா. சிரிக்கிறார் என்றுதான் நினைத்தேன். தோள் துண்டை வாயில் வைத்து அழுத்திக்கொண்டிருந்தார்.

பக்கத்து வீட்டு அண்ணன் மெதுவாகச் சொன்னார்: "அது மிஷினு, நைனா. நெசத்துல தானா வராது. நாமதான் போய் இட்டுகினு வரணும்."

மறுநாள் காலையில் அப்பா சட்டையை மாட்டிக்கொண்டு அம்மாவிடம் கேட்டார்: "ஏளா, பூந்தமல்லி பஸ் எங்கன நிக்கும்?"

இத்தனை வருஷம் ஆவடியில் இருந்தவர் கேட்கிற கேள்வியா அது! அம்மா சேலைகூட மாற்றவில்லை. செருப்பை மாட்டிக்கொண்டு அவருக்கு முன்னால் தெருவில் நடந்தாள்.